உன் வாயில் என் குரல்

நேற்றுக் காலை சென்ட்ரலில் ரயில் ஏறினேன். பக்கத்து இருக்கையில் இருந்த ஒரு சீன முதியவர் சட்டைப் பையிலிருந்து சின்ன பாட்டிலை எடுத்து, யூகலிப்டஸ் தைலத்தை விரல் கணுக்களில் தேய்த்துக்கொண்டார். ஒவ்வொரு விரலாக, அவசரமே இல்லாமல். அந்த வாசம் மூக்கில் ஏறியதும் என்னால் உட்கார முடியவில்லை. பெட்டாலிங் ஜெயாவில் பல் டாக்டரைப் பார்க்க வேண்டும். போகாமல் அடுத்த நிறுத்தத்திலேயே இறங்கி, பெஞ்சில் உட்கார்ந்து, மூன்று ரயில்களை விட்டேன்.

ஞாயிற்றுக்கிழமைகளில் பிரிக்பீல்ட்ஸ் சர்ச்சில், காலால் மிதித்து வாசிக்கும் அந்தப் பழைய ஆர்கன் முன் உட்காரும்போது நீயும் இப்படித்தான் தேய்ப்பாய். முன்வரிசையில் இருப்பவர்கள் தும்முவார்கள். நீ திரும்பிப் பார்த்துச் சிரிப்பாய்.

நீ போய் இரண்டு வருடம் ஆகிறது, மச்சான். உன்னிடம் சொல்லாமல் வைத்திருந்த ஒன்றை இன்று எழுதப்போகிறேன். நேராக அதற்கே போனால் பாதியில் பேனாவை வைத்துவிடுவேன். அதனால் முதலிலிருந்தே வருகிறேன்.

நாம் முதலில் பார்த்துக்கொண்டது சுங்கை வேயில், ஒரு பிஸ்கட் தொழிற்சாலைக்குப் பின்னால் இருந்த ஒலிப்பதிவுக் கூடத்தில். இருவருக்கும் இருபத்தாறு வயது. நான் கிள்ளான் துறைமுகத்தில் கணக்கெழுதும் கிராணி. வாரத்தில் இரண்டு நாள் வானொலி நாடகங்களில் பேசிக்கொண்டிருந்தேன். உன் அப்பாவும் அண்ணன்களும் பார்த்த ரயில்வே வேலையை நீ விட்டுவிட்டு, ஒரு சவர்க்கார விளம்பரத்துக்கு மெட்டுப் போட வந்திருந்தாய். நான் பேச வேண்டியது ஒரே ஒரு வரி. அதை ஏழெட்டுத் தடவை பேச வைத்தாய்.

“சரியாத்தானே பேசுறேன்?” என்றேன் எரிச்சலோடு.

“சரியாத்தான் பேசுறே. நீ பேசுற பேச்சுக்குள்ள ஒரு மெட்டு இருக்கு. அதைத் தேடிக்கிட்டு இருக்கேன், இரு.”

உன் வேலையே அப்படித்தான் என்பது போகப் போகத் தெரிந்தது. பாசாரில் கீரை விற்கும் அக்கா “இன்னிக்கு வரல லா தம்பி, நாளைக்கு வாங்க” என்று சொன்னால், நீ வீடு போகும்வரை அதை முனகிக்கொண்டே வருவாய். மூன்று வாரம் கழித்து அது ஒரு தொலைக்காட்சி நாடகத்தின் முகப்புப் பாட்டாக வரும். அந்த அக்காவும் அந்த நாடகத்தைப் பார்த்திருப்பார். அது தன் பேச்சுதான் என்று அவருக்கு எப்படித் தெரியும்? விளம்பரம், நாடகம் என்று போய், நம் ஊரில் தமிழ்ப் படங்கள் எடுக்கத் தொடங்கியபோது நீ அங்கேயும் போனாய். மொத்தம் எட்டுப் படங்கள்.

நடிப்பு தற்செயலாக வந்தது. லோரி டிரைவராக நடிக்க வேண்டியவர் கூட்டரசு நெடுஞ்சாலை நெரிசலில் மாட்டிக்கொண்டார். இயக்குநர் அங்குமிங்கும் பார்த்துவிட்டு, இசை பற்றிப் பேச வந்திருந்த உன்னைப் பிடித்து, “அண்ணே, ரெண்டு வரிதான் லா, ஏறி உட்காருங்க” என்றார். நீ ஏறி உட்கார்ந்து, ரெண்டு வரியையும் சொல்லிவிட்டு, எழுதாத மூன்றாவது வரி ஒன்றையும் சேர்த்துச் சொன்னாய். கேமராக்காரர் சிரித்துக் கேமரா ஆடிவிட்டது. அதற்குப் பிறகு உன்னிடம் இசை கேட்டு வந்தவர்கள் எல்லோரும் இரண்டு நாள் நடிப்பும் கேட்டார்கள். குடிகார மைத்துனன், கோயில் பொருளாளர், எதற்கெடுத்தாலும் “யோசிப்போம் லா” என்று சொல்லும் அரசாங்க அதிகாரி. கிள்ளானில் உன்னோடு நடந்து போனால் பத்தடிக்கு ஒருவர் “லோரி அங்கிள்” என்று கூப்பிட்டுப் படம் எடுத்துக்கொள்வார்கள். அவர்களுடைய கைத்தொலைபேசி மணியாக ஒலித்த பாட்டு உன்னுடையது என்று ஒருவருக்கும் தெரியாது. உனக்கு அது வேடிக்கையாக இருந்தது.

எனக்கு வேடிக்கையாக இல்லை. இங்கேயே உண்மையைச் சொல்லிவிடுகிறேன். முப்பது வருடம் பேசியும் நான் எப்போதும் கதாநாயகனின் நண்பன், அல்லது கடைக்காரன், அல்லது கதவைத் தட்டும் போலீஸ்காரன். இசையும் இவனுக்கு, நடிப்பும் இவனுக்கா என்று உன்னைப் பார்த்து நினைத்திருக்கிறேன். உன் வீட்டு மேசையில் உட்கார்ந்து, உன் மனைவி ரூபி வைத்த மீன் கறியைச் சோற்றில் பிசைந்துகொண்டே நினைத்திருக்கிறேன்.

பிறகு உனக்குப் பக்கவாதம் வந்தது. லேசானதுதான் என்றார்கள். இடது கை பலம் குறைந்தது, வாய் ஒரு பக்கம் கொஞ்சம் இழுத்தது, பேச்சு தடுக்கியது. ஒரு வருடம் யாரும் உன்னைக் கூப்பிடவில்லை. நீ வலது கையால் மட்டும் ஆர்கன் வாசித்துப் பழகினாய். ஒரு நாள் ஒரு இளைஞர் தன் முதல் படத்துக்கு இசை கேட்டு வந்தார். ஓய்வு பெற்ற பஸ் டிரைவர் ஒருவர் கிள்ளானில் தனியாக இருக்கிறார். மகள் கோபித்துக்கொண்டு ஜொகூர் போய்விட்டாள். அவர் அவளைத் தேடிப் போகிறார். அவ்வளவுதான் கதை. நீ அதைப் படித்துவிட்டு, “இசை போடுறேன். டிரைவரா நானே நடிக்கிறேன்” என்றாயாம். அந்த இளைஞர் யோசித்துவிட்டுச் சரி என்றார். அவர் நல்லவர்தான். பயந்தவர், அவ்வளவுதான்.

கிள்ளான் பழைய பஸ் நிலையத்தில் நடந்த படப்பிடிப்புக்கு என்னையும் வரச் சொன்னாய். டிரைவர் பொதுத் தொலைபேசியில் மகளுக்குப் பேசும் காட்சி. முந்தின நாளிலிருந்து அவர் சாப்பிடவில்லை. மகளிடம் அதைச் சொல்ல முடியாது. “அம்மாடி, அப்பா சாப்ட்டேன்மா. நீ சாப்ட்டியா?” என்று கேட்க வேண்டும்.

நீ “அப்பா” என்று சொல்லிவிட்டு நின்றுவிட்டாய். நாக்கு அடுத்த சொல்லுக்குத் திரும்பவில்லை. பின்னால் ஒரு பஸ் கிளம்பிப் போனது. அதற்குப் பிறகுதான் “சாப்ட்டேன்மா” வந்தது. யாரும் கட் சொல்லவில்லை. ஒப்பனைக்காரப் பெண் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

கேண்டீனில் தே தாரிக் தேநீரை ஆற்றிக்கொண்டே நீ சொன்னாய்: “அந்த இடத்துல நாக்கு மாட்டிக்கிச்சுடா. இன்னொரு டேக் கேட்கலாம்னு பார்த்தேன். அப்புறம் விட்டுட்டேன். பொய் சொல்லப் போறவன் அங்க நிப்பான்தானே?”

மூன்று மாதம் கழித்துப் படத்துக்கு இசை போட்டாய். முழுப் படத்தையும் உன் பேச்சின் இழுவைக்கு அளந்து போட்டாய். அந்தத் தொலைபேசிக் காட்சிக்கு வாத்தியக் கூட்டமெல்லாம் வேண்டாம் என்றாய். சர்ச் ஆர்கனில் ஒரே ஒரு ஸ்வரம். “அப்பா” முடிந்ததும் அது தொடங்கும்; உனக்கு அடுத்த சொல் கிடைக்கும்வரை நீண்டு ஒலிக்கும்; நீ பேசத் தொடங்கியதும் உன் குரலுக்குள் போய்விடும். எனக்கு அதைப் போட்டுக் காட்டினாய். நான் “நல்லாருக்கு” என்றேன். உன் முப்பது வருட இசையில் அதைப் போல எதுவும் நான் கேட்டதில்லை.

இசையை ஒப்படைத்துவிட்டு நீயும் ரூபியும் மகள் கிரேஸின் பிரசவத்துக்காகப் பினாங்கு போனீர்கள். அந்த மாதம்தான் எனக்குத் தயாரிப்பாளரிடமிருந்து அழைப்பு வந்தது. செராஸில் ஒரு கடைவீட்டு மாடியில் டப்பிங் கூடம். அந்த இளம் இயக்குநரும் இருந்தார், என் முகத்தைப் பார்க்காமல்.

“அண்ணே, படம் நல்லா வந்திருக்கு. ஆனா அவரு பேசுறது தியேட்டர்காரங்களுக்குப் புரியலங்கிறாங்க. நீங்க அவரை நல்லா அறிஞ்சவரு. அவரு மாதிரியே, கொஞ்சம் கிளியரா பேசிக் குடுங்க” என்றார் தயாரிப்பாளர்.

“அவருக்குத் தெரியுமா?”

“சொல்லியாச்சு லா அண்ணே.”

இயக்குநர் தலையைக் குனிந்துகொண்டார். அந்த நொடியே எனக்குத் தெரிந்துவிட்டது, உன்னிடம் யாரும் சொல்லவில்லை என்று. கைத்தொலைபேசி என் சட்டைப் பையில்தான் இருந்தது. உன் எண் முதல் வரிசையில் இருந்தது. வெளியே போய் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். கேட்டால் நீ வேண்டாம் என்பாய். வேண்டாம் என்றால் நான் வீட்டுக்குப் போக வேண்டும். திரையில் உன் முகம் பெரிதாக நின்றுகொண்டிருந்தது. முதல் முறையாக ஒரு முழுப் படத்தின் நாயகனுக்குப் பேசச் சொல்லி என்னைக் கூப்பிட்டிருக்கிறார்கள். நான் உன்னைக் கூப்பிடவில்லை, மச்சான்.

இரண்டு நாள் பேசினேன். நன்றாகவே பேசினேன். நீ மூச்சு இழுக்கும் இடம், ‘ல’ சொல்லும்போது வரும் அந்தச் சின்ன வழுக்கல், எல்லாம் எனக்கு மனப்பாடம். இரண்டாம் நாள் மதியம் அந்தத் தொலைபேசிக் காட்சி வந்தது. நான் வரியை ஒரே மூச்சில் சொன்னேன். சொல்லி முடித்தபோது என் கண்ணே கலங்கிவிட்டது. ஒலிப்பதிவாளர் ரவி மட்டும் தலையைச் சொறிந்தான்.

“அண்ணே, நீங்க சேர்த்துப் பேசிட்டீங்க. மியூசிக்ல ஒரு ஆர்கன் நோட் நிக்குது, உங்க குரல் மேல ஏறுது. அவரு மாதிரி நடுவுல நிறுத்துனீங்கன்னா கரெக்டா உட்கார்ந்துக்கும். வாயசைவு கொஞ்சம் முன்னப் பின்ன இருந்தா நான் இழுத்துக்கிறேன்.”

நிறுத்திப் பேசிப் பார்த்தேன். ஒரு தடவை, இன்னொரு தடவை. எனக்கு நாக்கு மாட்டவில்லை. நான் நிறுத்தியது நிறுத்தியதாகத்தான் கேட்டது, போலியாக. ஒரே மூச்சில் சொன்னதுதான் எனக்குப் பொருந்தியது. அதில்தான் என் திறமை தெரிந்தது. இயக்குநர் சாப்பிடக் கீழே போயிருந்தார்.

“அந்த நோட்டை எடுத்துட்டா?” என்றேன்.

“எடுக்கலாம். அவரு ஒன்னும் சொல்ல மாட்டாரா?”

“எடுத்துரு. நான் சொல்லிக்கிறேன்.”

ரவி எடுத்துவிட்டான். இயக்குநர் சாப்பிட்டுவிட்டு வந்து கேட்டார். எதுவும் குறைந்ததாக அவருக்குத் தெரியவில்லை.

கிள்ளான் தியேட்டரில் முதல் காட்சி. நீ பினாங்கிலிருந்து அன்றைக்குத்தான் வந்திருந்தாய். கிரேஸ் கைக்குழந்தையோடு வந்திருந்தாள். எனக்கு உன் பக்கத்து இருக்கை. நான் உடம்பு சரியில்லை என்று சொல்லி வராமல் இருந்திருக்கலாம். என் குரலைத் தியேட்டரில் கேட்க ஆசை, வந்துவிட்டேன்.

திரையில் நீ வாயைத் திறந்தாய், நான் பேசினேன். ரூபி சட்டென்று உன் பக்கம் திரும்பினாள். நீ திரும்பவில்லை. மடியில் கையை வைத்துக்கொண்டு பார்த்துக்கொண்டே இருந்தாய். உன் இசை ஒவ்வொரு காட்சியிலும் உன் தடுக்கலுக்காகக் காத்திருந்தது. அந்த இடைவெளிகளையெல்லாம் நான் அடைத்துப் பேசிக்கொண்டு போனேன். தொலைபேசிக் காட்சி வந்தபோது நீ இருக்கையில் முன்னால் நகர்ந்தாய். என் குரல் ஒரே மூச்சில் சொல்லி முடித்தது. காட்சி மாறிவிட்டது. நீ இன்னும் முன்னால் சாய்ந்தபடியே இருந்தாய். கொஞ்ச நேரம் கழித்துத்தான் பின்னால் சாய்ந்தாய்.

வெளியே கூட்டம் உன்னைச் சூழ்ந்துகொண்டது. ஒரு அம்மா உன் கையைப் பிடித்துக்கொண்டு, “குரல்லயே அழ வச்சிட்டீங்க அங்கிள்” என்றார். நீ “ரொம்ப நன்றிங்க” என்றாய், உன் சொந்தக் குரலில். அந்த அம்மாவின் முகத்தில் ஒரு குழப்பம் வந்து போனது. நான் சோளப்பொரி விற்கும் இடத்தில் நின்று அதைப் பார்த்தேன்.

கூட்டம் குறைந்ததும் நீயே என்னிடம் வந்தாய்.

“நீதானே?”

“ஆமா.”

“நல்லா பேசியிருக்கடா. போன் சீன்ல ஒரு நோட் இருந்துச்சே. யாரு எடுத்தா?”

“தெரியலையே மச்சான். மிக்ஸிங்ல போயிருக்கும்.”

“ஓ” என்றாய்.

அந்த வருடம் உள்ளூர்ப் படங்களுக்கு விருது கொடுத்தபோது சிறந்த நடிகர் விருதை உனக்குக் கொடுத்தார்கள். மேடையில் ஒலிவாங்கியைப் பிடித்து, ஒவ்வொரு சொல்லாகச் சொன்னாய்: “படத்துல நீங்க கேட்ட குரல் என்னோடது இல்லீங்க. என் சிநேகிதன் செல்வத்தோடது. அதோ அங்க உட்கார்ந்திருக்கான். செல்வம், எந்திரிடா.” மண்டபம் முழுக்க என் பக்கம் திரும்பியது. முப்பது வருடம் நான் எதிர்பார்த்திருந்த கைதட்டல். எழுந்தேன். கும்பிட்டேன். உட்காராமல் கொஞ்சம் கூடுதலாகவே நின்றேன்.

அதற்குப் பிறகாவது சொல்லியிருக்க வேண்டும். நான் உன்னைப் பார்ப்பதையே குறைத்துக்கொண்டேன். தீபாவளிக்கு நீ கூப்பிடுவாய், கிறிஸ்துமஸுக்கு ரூபி கேக் கொடுத்து அனுப்புவாள். நான் எப்போதும் அவசரத்தில் இருப்பேன். ஒரு தடவை மட்டும் பிரிக்பீல்ட்ஸில் நடைபாதையிலேயே நீ என்னைப் பிடித்துக்கொண்டு, வாழையிலைச் சாப்பாட்டுக் கடைக்குக் கூட்டிப்போனாய். இலையில் ரசத்துக்கு அணை கட்டிக்கொண்டே சொன்னாய்:

“டிவில அந்தப் படத்தைத் திரும்பப் பார்த்தேன்டா. அந்த நோட்டை எடுத்தவன் சரியாத்தான் எடுத்திருக்கான். இல்லாமலே ஜனங்க அழுவுறாங்க. எனக்குத்தான் கொஞ்ச நாளா அளவு தெரியல போல. வாதம் காதையும் கொஞ்சம் தொட்டுருச்சோ என்னமோ.”

சொல்லிவிடலாம் என்று தலையைத் தூக்கினேன். “அப்படியெல்லாம் ஒன்னும் இல்ல லா. சாப்பிடு” என்றேன். நீ சாப்பிட்டாய்.

அதற்குப் பிறகு நீ நடிக்கவே இல்லை. இசை ஒரே ஒரு படத்துக்குப் போட்டாய். அதுதான் கடைசி. அதைத் தியேட்டரில் கேட்டேன். ஒரு இடத்திலும் சும்மா விடவில்லை நீ. யாராவது பேச்சை நிறுத்தினால் வயலின்கள் ஓடி வந்தன. மௌனமாக இருக்க வேண்டிய இடத்தில் புல்லாங்குழல். பத்திரிகையில் நிறைவான இசை என்று எழுதியிருந்தார்கள். அதை நீ போட்டாய் என்று சொன்னால் நான் நம்பியிருக்க மாட்டேன். ஏன் அப்படிப் போட்டாய் என்று தெரிந்தவன் நான் ஒருவன்தான். இரண்டாவது வாதம் அந்த வருடக் கடைசியில் வந்தது. இந்தத் தடவை டாக்டர்கள் லேசானது என்று சொல்லவில்லை. நான்கு நாள் இருந்தாய். ஒரு நாள் வந்து பார்த்தேன். உனக்கு நினைவு தப்பியிருந்தது. அப்போதுகூட வெளியே மழை என்றுதான் சொன்னேன்.

போன மாதம் கிரேஸ் கூப்பிட்டாள். இப்போது அவள் ரூபியோடு பிரிக்பீல்ட்ஸ் வீட்டிலேயே இருக்கிறாள். “அங்கிள், அப்பாவோட கடைசிக் காலத்துக் குரல் எங்ககிட்ட ஒன்னுமே இல்ல. நோய் வந்ததுக்கப்புறம் அவரு வீடியோல பேச மாட்டேன்னுட்டாரு. அந்தப் படத்துல அவரு பேசுனது எங்கயாச்சும் இருக்குமா?”

செராஸுக்குப் போனேன். ரவிக்கு முடியெல்லாம் நரைத்திருந்தது. பழைய ஹார்ட் டிஸ்க்குகளை இரண்டு மணி நேரம் தேடி எடுத்துக் கொடுத்தான். அங்கேயே போட்டுக் கேட்டோம். “அம்மாடி, அப்பா...” பஸ் கிளம்பியது. ஆர்கன் ஸ்வரம் நீண்டு ஒலித்தது. “சாப்ட்டேன்மா.” ரவி ஒலியை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தான். “அன்னிக்கு நான் ஒத்துக்கிட்டிருக்கக் கூடாதுண்ணே” என்றான். அவன் என்ன செய்வான்?

பென் டிரைவை எடுத்துக்கொண்டு உன் வீட்டுக்குப் போனேன். வாசலில் நின்று “கிரேஸ்” என்று கூப்பிட்டேன். உள்ளே தரையில் உட்கார்ந்து வண்ணம் தீட்டிக்கொண்டிருந்த உன் பேத்தி ஹன்னா சட்டென்று நிமிர்ந்தாள். அன்றைக்குத் தியேட்டரில் கைக்குழந்தையாக இருந்தவள். இப்போது ஆறு வயது. அந்தப் படத்தைத் தொலைபேசியில் நூறு தடவை பார்த்திருக்கிறாளாம். “மம்மி, தாத்தா வந்துட்டாரு” என்று எழுந்து ஓடி வந்தாள். கம்பிக் கதவுக்கு வந்து என் முகத்தைப் பார்த்ததும் நின்றுவிட்டாள்.

கிரேஸிடம் எல்லாவற்றையும் சொன்னேன். தொலைபேசியில் உன்னைக் கேட்காதது, ஸ்வரத்தை எடுக்கச் சொன்னது, தியேட்டரில் சொன்ன பொய், இலைச் சாப்பாட்டுக் கடை. முடித்ததும், “அப்பாகிட்ட சொல்லியிருக்கலாமே அங்கிள்” என்றாள். பிறகு, “கடைசியில சர்ச்சுல வாசிக்கிறப்போ எங்கயுமே நிறுத்த மாட்டாரு. பாஸ்டர் ஜெபம் பண்ணும்போதுகூட வாசிச்சுக்கிட்டே இருப்பாரு. ஏன்பான்னு கேட்டா, நிறுத்துனா தப்பாயிடுமோன்னு பயமா இருக்குன்னாரு” என்றாள். திட்டியிருந்தால் வாங்கிக்கொண்டிருப்பேன். அவள் எழுந்து போய்த் தேநீர் போட்டுக்கொண்டு வந்தாள். அதைக் குடித்துவிட்டு வந்தேன்.

போன வாரம் ஒரு தொலைக்காட்சி நாடகத்திலிருந்து டப்பிங்குக்குக் கூப்பிட்டார்கள். புது நடிகராம், வயதானவர், உச்சரிப்பு சரியில்லையாம். “அவருக்குத் தெரியுமா?” என்று கேட்டேன். சொல்லியாச்சு என்றார்கள். அவருடைய எண்ணை வாங்கி நானே கூப்பிட்டேன். அவருக்கு ஒன்றும் தெரியாது. “நானே வந்து பேசிக்கிறேன்னு சொல்றேங்கண்ணே” என்றார். அந்த அழைப்பு இரண்டு நிமிடம்கூட ஆகவில்லை.

வைப்பதற்கு முன்னால், “இந்தக் காலத்துல யாரு இப்படிக் கேக்குறாங்க? நீங்க நல்ல மனுஷன்ணே” என்றார் அவர்.

நான் மறுத்துச் சொல்லவில்லை, மச்சான். அதையும் வாங்கி வைத்துக்கொண்டேன்.